பதின்மூன்று மாதத் துக்கம்

கறுப்பில் இரண்டு வகை இருக்கிறது என்பது பலருக்குத் தெரியாது. அலுவலகத்துக்குப் போட்டுக்கொண்டு போகிற கறுப்பு ஒன்று, இழவு வீட்டுக்குப் போட்டுக்கொண்டு போகிற கறுப்பு இன்னொன்று. கடை விளக்கில் இரண்டும் ஒன்றுபோலத்தான் இருக்கும். கோயில் வாசலில் வெயில் பட்டதும் அலுவலகக் கறுப்பு சாம்பலாகத் தெரிந்துவிடும். இழவுத் துணியைச் சாயத்தில் கூடுதல் நேரம் ஊறவைக்கிறார்கள். வெளிச்சத்தைத் திருப்பி அனுப்பாதபடி மேலே ஒரு பூச்சும் கொடுக்கிறார்கள். நான் இப்போது போட்டிருப்பது அந்த வகை. காவல் நிலைய வாசலில் என்னைப் பார்த்ததும் "வீட்ல யாராவது தவறிட்டாங்களா?" என்று நீங்கள் கேட்டது அதனால்தான். ஆமாம் என்றேன். அதைச் சொல்லத்தான் வந்திருக்கிறேன்.

என் பெயர் குரஷினா யோஷிமிச்சி. வயது அறுபத்தேழு. இதே முராகாமியில், ஆற்றுப் பாலத்துக்கு அந்தப் பக்கம் வீடு. முப்பத்தெட்டு ஆண்டுகள் வீடுகளில் குளியல் வெந்நீர்க் கருவி பொருத்தும் வேலை பார்த்து ஓய்வு பெற்றேன். உங்கள் காவல் நிலையத்தின் பின்பக்கம் ஓய்வறையில் இருக்கிற கருவிகூட நான் பொருத்தியதுதான். நீங்கள் எழுதிக்கொள்ள வேண்டும் என்பதால் நிதானமாகவே சொல்கிறேன். ஒன்று எப்படி ஓடுகிறது என்று தெரிந்தால்தான் அது ஏன் நின்றது என்று புரியும். அதனால் கொஞ்சம் முன்னாலிருந்து தொடங்குகிறேன்.

இரண்டரை ஆண்டுக்கு முன்னால், மார்ச் மாதம், என் மகள் இகுமி ஒரு பையனை வீட்டுக்கு அழைத்து வந்தாள், பெயர் ரியோஹெய், குடும்பப் பெயர் தொகாஷி. இருவரும் நீகாதா நகரில் வேலை பார்க்கிறார்கள். நல்ல பையன், நான் பேசும்போது தலையாட்டிக்கொண்டே கேட்டான். நவம்பரில் கல்யாணம் என்று முடிவாயிற்று. அவர்களை ரயிலேற்றிவிட்டு வந்ததும் என் மனைவி கனாயெ சமையலறையில் தேநீர் ஊற்றி என் முன்னால் வைத்தாள். பக்கத்தில் ஒரு தாளையும் வைத்தாள். பச்சைக் கோடு போட்ட தாள். மணவிலக்குப் படிவம்.

"இகுமி கல்யாணம் முடியட்டும். அது வரைக்கும் யாருக்கும் தெரிய வேண்டாம். பொண்ணோட அம்மா அப்பாவா ஒரே மேசையில உட்காருவோம். அதுக்கப்புறம் நான் போயிடறேன்," என்றாள்.

நான் குடித்துவிட்டு வந்தவன் அல்ல. இன்னொரு பெண் கிடையாது. கை ஓங்கியதில்லை. ஏன் என்று கேட்டேன்.

"ஒரு தடவை எனக்குக் காய்ச்சல் அடிச்சப்போ வெந்நீர் கேட்டேன். ஞாபகம் இருக்கா?"

"இல்ல."

"வெந்நீர் எப்படி வருதுன்னு சொன்னீங்க. குழாய் எங்கிருந்து கிளம்புது, அனல் எங்க ஏறுது, எல்லாம் சொன்னீங்க. வெந்நீர் வரல."

அந்தக் கருவிக்கு அப்போது ஒரு கோளாறு இருந்தது. அதைச் சொல்லாமல் வெந்நீர் கொடுத்தால் மறுநாளும் அதே கதைதான். அதை அவளிடம் விளக்கினேன். நான் விளக்கி முடிக்கும் வரை தேநீர்க் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு பேனாவை என் பக்கம் நகர்த்தினாள். நான் கையெழுத்துப் போட்டு முத்திரையும் வைத்தேன். மறுத்தால் அன்றைக்கே போய்விடுவாளோ என்று பயம். நகர அலுவலகத்தில் கொடுத்தாலே மணவிலக்கு ஆகிவிடும், ஆனால் அந்தப் படிவத்தில் இரண்டு சாட்சிகள் கையெழுத்திட வேண்டும். அந்தக் கட்டங்கள் காலியாக இருந்தன. காலியாக இருக்கும்வரை அது வெறும் காகிதம்தானே என்று நினைத்துக்கொண்டேன்.

அதற்குப் பிறகு வந்த மாதங்களைப் பற்றி அதிகம் சொல்ல விரும்பவில்லை. அவள் வழக்கம்போல எல்லாம் செய்தாள். சோறு, துணி, என் அம்மாவின் மருந்து. அம்மா தோமிக்கு அப்போது தொண்ணூறு, எங்களோடுதான் இருந்தாள். ஒன்றும் மாறவில்லை. நான் மட்டும் நாட்காட்டியைப் பார்க்கப் பழகினேன். நவம்பர் எட்டிப் பிடிக்கிற தூரத்துக்கு வந்துகொண்டிருந்தது. ஒருநாள் காலையில் பல் துலக்கும்போது வாயில் பிரஷ் இருப்பதை மறந்து அப்படியே நின்றிருக்கிறேன், அம்மா பார்த்துவிட்டு, "உனக்கு இப்பவே என் வயசு வந்துடுச்சா?" என்று கேட்டாள்.

செப்டம்பரில் கனாயெயின் அப்பா நாகாவோகாவில் இறந்தார். எண்பத்தெட்டு வயது, இதயம். அதில் என் கை எதுவும் இல்லை. இதைத் தனி வரியாகவே எழுதிக்கொள்ளுங்கள்.

துக்கம் எப்படி வேலை செய்கிறது என்பதை நான் அதுவரை சரியாகக் கவனித்ததில்லை. நாற்பத்தொன்பது நாள் கடும் துக்கம். ஏழு நாளுக்கு ஒரு முறை சடங்கு. வீட்டுத் தெய்வ மாடத்தின் முகப்பை வெள்ளைத் தாளால் மூடிவிடுவார்கள், சாவின் தீட்டு தெய்வத்தின் மேல் படக் கூடாது என்று. அந்தத் தாளை வீட்டார் ஒட்டக் கூடாது, வெளியார்தான் ஒட்ட வேண்டும். கடும் துக்கம் முடிந்தாலும் ஆண்டு முழுவதும் நல்ல காரியம் கிடையாது. புத்தாண்டு வாழ்த்து அட்டை அனுப்பக் கூடாது. அனுப்ப மாட்டோம் என்று சாம்பல் நிறத்தில் ஓர் அட்டை அச்சடித்து முன்கூட்டியே அனுப்ப வேண்டும். யார் இறந்தால் யாருக்கு எத்தனை நாள் என்று பழைய அரசாங்கப் பட்டியல் ஒன்று இருக்கிறது. பெற்றோருக்குப் பதின்மூன்று மாதம். தந்தைவழிப் பாட்டிக்கு நூற்றைம்பது நாள், தாய்வழித் தாத்தாவுக்குத் தொண்ணூறு. இப்போது அதற்குச் சட்ட பலம் இல்லை. ஆனாலும் அழகான பட்டியல். நூலகத்தில் தேடிப் பிரதி எடுத்து வைத்துக்கொண்டேன்.

கல்யாணம் ஓர் ஆண்டு தள்ளிப்போயிற்று. பெண்ணின் அம்மாவே தகப்பனுக்குத் துக்கம் காக்கும்போது எப்படி நடத்துவது? தொகாஷி வீட்டாரும் ஒப்புக்கொண்டார்கள். இகுமி மட்டும் ஒரு முறை கேட்டாள்: "அப்பா, விழா இல்லாம அலுவலகத்துல பதிவு மட்டும் பண்ணிக்கலாமா? தாத்தா ஒண்ணும் கோவிச்சுக்க மாட்டாரு." நான் அந்தப் பட்டியலை எடுத்துவந்து, பதிவும் ஏன் காத்திருக்க வேண்டும் என்று ஒரு மணி நேரம் விளக்கினேன். முடிவில் "சரிப்பா, புரிஞ்சுது," என்றாள். என் மகள் கெட்டிக்காரி, சொன்னால் புரிந்துகொள்வாள் என்று எனக்கு மகிழ்ச்சி.

இனி நான் சொல்வதை நீங்கள் நம்ப மாட்டீர்கள். அந்த ஆண்டுதான் என் கல்யாண வாழ்க்கையில் நல்ல ஆண்டு.

எரியூட்டிய பிறகு எலும்பு பொறுக்குவோம் அல்லவா? இரண்டு பேர் சேர்ந்து, ஆளுக்கொரு ஜோடிக் குச்சியால், ஒரே எலும்பை இரண்டு பக்கமும் பிடித்துத் தூக்கிக் கலசத்தில் வைக்க வேண்டும். என்னோடு கனாயெ நின்றாள். அவளுடைய அப்பாவின் முழங்கை எலும்பு. வெள்ளையாக, ரொட்டியைப் போல எடையே இல்லாமல் இருந்தது. இருவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு தூக்கினோம். முப்பத்து நான்கு ஆண்டுகளில் நாங்கள் இருவரும் ஒரே பொருளை ஒரே நேரத்தில் தூக்கியது அன்றுதான். வெளியே வந்ததும், நான் போட்டிருந்தது அலுவலகக் கறுப்பு என்பதை வெயிலில் பார்த்துக் கண்டுபிடித்தாள். "இதப் போட்டுக்கிட்டா வந்தீங்க?" என்று சொல்லி என் தோளில் ஒட்டியிருந்த சாம்பலைத் தட்டிவிட்டாள். அவள் கை என் மேல் பட்டது.

ஏழு நாளுக்கு ஒரு முறை ஒன்றரை மணி நேரம் காரில் நாகாவோகாவுக்குப் போனோம். போகும்போது அவள் பேசமாட்டாள். வரும்போது அப்பாவைப் பற்றிச் சொல்வாள். நான் ஓட்டிக்கொண்டே கேட்பேன். துக்க வீட்டில் மருமகனுக்கென்று ஓர் இடம் உண்டு, மகளுக்குப் பக்கத்தில். அங்கே தரையில் போட்ட மெத்தையில் போய் உட்கார்ந்தால் யாரும் எழுப்ப மாட்டார்கள். வந்தவர்கள் எங்கள் இருவருக்கும் சேர்த்துத் தலை குனிவார்கள். பச்சைக் கோட்டுத் தாள் அலமாரி இழுப்பறையில் கிடந்தது. அவள் அதைப் பற்றிப் பேசவே இல்லை.

ஆனால் ஓர் ஆண்டு என்பது ஓர் ஆண்டுதான். அடுத்த செப்டம்பரில் முதலாண்டுச் சடங்கு முடிந்தது. கல்யாணத்துக்கு மறுபடி நாள் குறித்தார்கள். நவம்பர் இருபத்து மூன்று. கனாயெ சம்பந்தி அம்மாளோடு தொலைபேசியில் பேசி, உணவு, விருந்தினர் வரிசை எல்லாம் தீர்மானித்தாள். ஒரு சாயங்காலம் இழுப்பறையைத் திறந்து அந்தத் தாளை எடுத்துப் பார்த்துவிட்டு மறுபடி வைத்தாள். நான் கூடத்தில் செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தேன். எழுத்துகள் தெரிந்தன, ஒன்றுகூட உள்ளே போகவில்லை. போய்விடுவாள் என்பதை அன்றைக்குத்தான் உடம்பால் உணர்ந்தேன். இந்த வீட்டில் அரிசி எந்த டப்பாவில் இருக்கிறது என்றுகூட எனக்குத் தெரியாது. அது பெரிதல்ல, கற்றுக்கொள்ளலாம். ஆனால் சாயங்காலம் ஐந்து மணிக்கு வேறு யாருடைய செருப்புச் சத்தமும் இல்லாத ஒரு வீட்டை எப்படி இயக்குவது என்பதற்குக் கையேடு கிடையாது.

பட்டியலை எடுத்துப் பார்த்தேன். பெற்றோருக்குப் பதின்மூன்று மாதம்.

அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். தொண்ணூற்றொரு வயது. கால் தளர்ந்துவிட்டது, வாய் தளரவில்லை. தினமும் மாலை நான்கு மணிக்குக் கனாயெதான் அவளைக் குளிப்பாட்டுவாள். மூன்றரைக்கே உடை மாற்றும் அறையில் சூடேற்றியைப் போட்டுவிடுவாள். சுவரில் உயரத்தில் நானே பொருத்தியது. தண்ணீர் நாற்பது டிகிரி. அது ஏன் என்றால், குளிர்ந்த அறையில் உடை களையும்போது இரத்தக் குழாய்கள் சுருங்கி அழுத்தம் ஏறும். சூடான நீரில் இறங்கியதும் அவை விரிந்து அழுத்தம் சட்டென்று விழும். முதியவர்களுக்குக் கண் சொருகும். நம் ஊரில் குளிர்காலத்தில் தொட்டியில் எத்தனை பேர் இப்படிப் போகிறார்கள் என்று உங்களுக்கே தெரியும். நீங்கள்தானே வந்து பார்க்கிறீர்கள். முப்பத்தெட்டு ஆண்டுகள் வீடு வீடாக இந்த எச்சரிக்கைத் துண்டறிக்கையைக் கொடுத்தவன் நான்.

போன ஆண்டு நவம்பர் ஒன்பதாம் தேதி, கல்யாணத்தில் பெண்ணின் அம்மா உடுத்த வேண்டிய கறுப்புக் கிமோனோவை அளவு பார்க்கக் கனாயெ இகுமியோடு நீகாதாவுக்குப் போனாள். காலையிலிருந்து குளிர்ந்த கடல் காற்று. அம்மாவை இன்று நானே குளிப்பாட்டுகிறேன் என்றேன்.

"நீயா? நீ குழாயப் பத்திப் பேச ஆரம்பிச்சா தண்ணியே ஆறிடும்," என்றாள் அம்மா.

"இன்னிக்குப் பேசலம்மா."

"அப்ப மழை வரும்."

நான் செய்தது இரண்டே காரியம். சூடேற்றியைப் போடவில்லை. நாற்பதை நாற்பத்து மூன்றாக மாற்றினேன். அம்மாவுக்கு எப்போதும் சூடான தண்ணீர்தான் பிடிக்கும், கனாயெ விடமாட்டாள். தொட்டியில் இறங்கியதும், "ஆ... இதுதான் குளியல். உன் பொண்டாட்டி என்னை வெதுவெதுப்பிலேயே வெச்சு ஏமாத்துறா," என்றாள். உடம்பெல்லாம் சிவந்தது. சிரித்தாள். பழம் நறுக்கி வைக்கிறேன் என்று சொல்லிவிட்டுச் சமையலறைக்குப் போனேன். அங்கே எதுவும் கேட்கவில்லை. இருபது நிமிடம் கழித்துத் திரும்பிப் போய்ப் பார்த்தேன்.

பிறகு கருவியில் எண்ணை நாற்பதுக்கு மாற்றினேன். சூடேற்றியைப் போட்டேன். அதற்குப் பிறகுதான் அவசர ஊர்தியை அழைத்தேன். உங்கள் நிலையத்திலிருந்து வந்த அதிகாரி கருவியைப் பார்த்து, "நாற்பதா?" என்று கேட்டார். "நாற்பதுதான்," என்றேன். "ஜாக்கிரதையாத்தான் இருந்திருக்கீங்க," என்று சொல்லிக் குனிந்தார். விபத்து என்று முடிந்தது.

கனாயெ வந்து ஈரக் கூந்தலோடு கிடந்த அம்மாவைப் பார்த்ததும் உட்கார்ந்துவிட்டாள். அவளுடைய அப்பாவுக்கு அப்படி அழவில்லை. "நான் போயிருக்கக் கூடாது, அத்தை, நான் போயிருக்கவே கூடாது," என்று அந்தக் கையைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள். நான் பின்னால் போய் அவள் தோளில் கை வைத்தேன். அவள் தட்டிவிடவில்லை. உண்மையைச் சொல்வதென்றால், அந்த நேரத்தில் எனக்கு அம்மா நினைவிலேயே இல்லை. தட்டிவிடவில்லை, தட்டிவிடவில்லை என்று மட்டுமே மனசு சொல்லிக்கொண்டிருந்தது.

எல்லாம் நான் எதிர்பார்த்தபடி ஓடியது. பக்கத்து வீட்டுக்காரர் வந்து மாடத்துக்கு வெள்ளைத் தாள் ஒட்டினார். இரண்டு பேருமாக அம்மாவின் எலும்பைத் தூக்கினோம். கல்யாண மண்டபத்துக்கு அவளே தொலைபேசியில் சொன்னாள். "விழாதானே, தள்ளிப்போனா போகட்டும்," என்று அவள் சொன்னது கூடத்தில் கேட்டது. எவ்வளவு லேசாகச் சொன்னாள் என்று எனக்கே வியப்பு. என் பக்கம் மனம் திரும்பிவிட்டது என்று நினைத்தேன். சாம்பல் அட்டைகளை இருவருமாக உட்கார்ந்து எழுதினோம். அவள் முகவரி எழுத, நான் தபால்தலை ஒட்டினேன்.

நாற்பத்தொன்பதாம் நாள் டிசம்பர் இருபத்தேழில் வந்தது. சடங்கு முடிந்து, சாப்பிட்டு, எல்லோரும் மதியமே போய்விட்டார்கள். கனாயெ நாற்காலி போட்டு ஏறி, தெய்வ மாடத்தின் தாளைக் கிழியாமல் உரித்து, நான்காக மடித்தாள். இறங்கி இழுப்பறையைத் திறந்தாள். பச்சைக் கோட்டுத் தாளை மேசையில் வைத்தாள்.

"நாளைக்கு நகர அலுவலகத்துக்குக் கடைசி வேலை நாள். காலையில இதக் கொடுத்துட்டு அப்படியே நாகாவோகாவுக்குப் போறேன்."

"இன்னும் ஒரு வருஷம் இருக்கே. துக்கம் பதின்மூணு மாசம். அதுவும் இல்லாம, இகுமி கல்யாணம் முடிஞ்சப்புறம்னுதானே சொன்ன?"

"சாட்சிக் கையெழுத்தப் பாருங்க."

காலியாக இருந்த இரண்டு கட்டங்களும் நிரம்பியிருந்தன. ஒன்றில் தொகாஷி ரியோஹெய். இன்னொன்றில் தொகாஷி இகுமி. என் மகளின் கையெழுத்து, குழந்தைப் பருவத்திலிருந்து நான் பார்த்த அதே சாய்வு. முன்னால் இருந்த குடும்பப் பெயர் மட்டும் வேறு.

"அவசரக்காரி, இப்பவே புருஷன் வீட்டுப் பேரைப் போட்டுட்டா," என்றேன். "கல்யாணம் ஆகாம இந்தப் பேர்ல கையெழுத்துப் போட்டா செல்லாது. இந்தப் படிவத்துக்கு ஒரு விதி இருக்கு—"

"செல்லும்ங்க. பதினாலு மாசமா செல்லுது."

விழா வேறு, பதிவு வேறு. அலுவலகத்தில் தாளைக் கொடுத்த நொடியில் சட்டப்படி கல்யாணம் முடிந்துவிடுகிறது. வெள்ளை உடையும் விருந்தும் ஊருக்காக. இது எனக்குத் தெரியாததா? முதல் ஆண்டின் அக்டோபரிலேயே, நான் அந்த ஒரு மணி நேர விளக்கம் கொடுத்த மறுவாரமே, இருவரும் போய்ப் பதிவு செய்துவிட்டார்கள். என்னிடம் மட்டும் சொல்லவில்லை. "சொன்னா நீங்க அந்தப் பட்டியலை எடுத்துக்கிட்டு உட்கார்ந்துடுவீங்கன்னு பயந்தா," என்றாள் கனாயெ. குடும்பப் பதிவேட்டை ஒரு முறை எடுத்துப் பார்த்திருந்தால் மகளின் பெயருக்கு நேரே எழுதியிருப்பது தெரிந்திருக்கும். வீட்டுத் தாள்களையெல்லாம் கனாயெதான் பார்த்துக்கொண்டாள். நான் பார்த்தது நாட்காட்டியை மட்டும்தான்.

"அப்படின்னா பதினாலு மாசம் முன்னாடியே நீ போயிருக்கலாமே. ஏன் போகல?"

இந்தக் கேள்வியை நான் கேட்டபோது எனக்கு என்ன பதில் வேண்டியிருந்தது என்று உங்களுக்குப் புரியும்.

"அத்தைக்காக," என்றாள். "ஒருநாள் குளிப்பாட்டும்போது என் கையைப் பிடிச்சுக்கிட்டாங்க. 'நீ போகப் போறேன்னு எனக்குத் தெரியும், கனாயெ. என் பிள்ளையோட இருக்கிறது கஷ்டம்தான், அவனப் பெத்தவ நான், எனக்குத் தெரியாதா? நான் போற வரைக்கும் மட்டும் இரு'ன்னாங்க. சரின்னேன். நூறு வயசு வரைக்கும் இருப்பாங்கன்னுதான் நெனச்சேன். இருந்திருந்தா நானும் இருந்திருப்பேன்."

மடித்த வெள்ளைத் தாளைக் குப்பையில் போடாமல் கைப்பையில் வைத்துக்கொண்டாள். மறுநாள் காலை எட்டரை மணிக்குக் கிளம்பினாள். அரிசி எந்த டப்பாவில், மிசோ விழுது எந்த அடுக்கில் என்று ஒரு தாளில் எழுதிக் குளிர்பெட்டிக் கதவில் ஒட்டியிருந்தாள். நல்ல தெளிவான குறிப்பு.

நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். தொண்ணூற்றொன்றிலிருந்து நூறுக்கு ஒன்பது ஆண்டு. ஒன்பது ஆண்டைக் கொடுத்துப் பதின்மூன்று மாதத்தை வாங்கினேன், அதிலும் கைக்கு வந்தது நாற்பத்தொன்பது நாள். அவளை இந்த வீட்டில் பிடித்து வைத்திருந்த ஒரே ஒரு ஆணியை என் கையாலேயே கழற்றியிருக்கிறேன். எந்த ஆணி எதைத் தாங்குகிறது என்று பார்க்காமல் கழற்றாதே என்று பயிற்சிக்கு வருகிறவர்களிடம் முதல் நாளே சொல்வேன்.

இந்த ஆண்டு முழுவதும் அவளுக்கு அறிவிப்பு அனுப்பினேன். நூறாம் நாளுக்கு வரவில்லை. இறந்தவர்களின் ஆவி வீட்டுக்கு வரும் ஆகஸ்ட் மாதச் சடங்குக்கும் வரவில்லை. ஒரே ஒரு அட்டை வந்தது: "அத்தையின் படத்துக்கு இங்கே தினமும் பூ வைக்கிறேன். நான் இப்போது அந்த வீட்டைச் சேர்ந்தவள் இல்லை." இன்று காலை முதலாண்டுச் சடங்கு. என் பக்கத்தில் ஒரு மெத்தை போட்டு வைத்தேன். துறவி அதைப் பார்த்துவிட்டு, இன்னும் யாராவது வர வேண்டுமா என்று கேட்டார். இகுமி பின்னாலிருந்து குனிந்து, "அம்மா வர மாட்டாங்கப்பா. இனிமே எதுக்கும் வர மாட்டாங்க. அவங்களுக்கு இங்க துக்கம் காக்க யாரும் இல்ல," என்றாள். மந்திரம் முடியும்வரை அதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன். உண்மைதான். என் பக்கம் இறப்பதற்கு இனி யாரும் இல்லை. இருந்தாலும் அவளுக்கு அது துக்கம் ஆகாது. பட்டியலில் அவளுக்கும் எனக்கும் நடுவில் ஒரு வரியும் மிச்சமில்லை. நான் செத்தாலும் அவள் வர வேண்டியதில்லை, அதையும் பார்த்துவிட்டேன்.

கோயிலிலிருந்து நேரே இங்கே வந்தேன்.

முன்பு சொன்னதில் ஒரு திருத்தம். சமையலறையில் எதுவும் கேட்கவில்லை என்று சொன்னேன், எழுதியும் விட்டீர்கள். அதை அடித்துவிடுங்கள். குளியலறைச் சுவரில் ஓர் அழைப்புப் பொத்தான் இருக்கிறது. அழுத்தினால் சமையலறையில் வெந்நீர்க் கருவியின் கட்டுப்பாட்டுப் பலகையில் மணி அடிக்கும், பேசுவதும் கேட்கும். நான் போன ஆறாவது நிமிடம் மணி அடித்தது. "யோஷிமிச்சி, எழுந்திரிக்க முடியலடா," என்றாள். நான் பலகையின் முன்னால்தான் நின்றேன். நாற்பத்து மூன்று என்ற எண் ஆரஞ்சு நிறத்தில் எரிந்துகொண்டிருந்தது. மறுபடி அடித்தது. "கனாயெ வந்துட்டாளா? கனாயெவைக் கூப்பிடு," என்றாள். அப்புறம் நீரின் சத்தம். அந்தப் பலகையில் மணியை நிறுத்த ஒரு பொத்தான் உண்டு. அதை அழுத்தினேன். அம்மாவைக் கொன்றது நான்தான். எண்ணும் குளிரும் அல்ல, நான்.

ஏன் இப்போது வந்து சொல்கிறேன், மனச்சாட்சி உறுத்தியதா என்று உங்கள் மேலதிகாரி கேட்டார். அப்படியும் எழுதிக்கொள்ளலாம். இது வழக்காகும். அம்மாவைத் தினமும் குளிப்பாட்டியது யார், தண்ணீரை எத்தனை டிகிரியில் வைப்பார்கள், அன்று வீட்டில் ஏன் இல்லை என்றெல்லாம் கேட்பதற்குக் கனாயெவை நீதிமன்றத்துக்கு அழைப்பார்கள். நான் அதையும் நூலகத்தில் பார்த்துவிட்டேன். முன்னாள் மனைவி என்பதால் சில கேள்விகளுக்குப் பதில் சொல்ல மறுக்கலாமாம், ஆனால் வராமல் இருக்க முடியாதாம். வந்தால் போதும். அவள் பேச வேண்டியதில்லை, நான் பேசுகிறேன். எல்லாவற்றையும் ஒழுங்காக, முதலிலிருந்து விளக்கினால் அவளுக்குப் புரியும். அவளுக்காகத்தான் செய்தேன் என்பது புரியும். எனக்குத் தெரியாதது ஒன்றே ஒன்றுதான், அதை நீங்கள்தான் சொல்ல வேண்டும். நான் பேசி முடிக்கும்வரை அவளை நடுவில் எழுந்து போக விடமாட்டார்கள், இல்லையா?